நந்தா தேவிக்குப் போக முடியாதவர்கள் அதை வரைபடத்தில் படிப்பது எப்படி?

நந்தா தேவியின் உயரம் 7,816 மீட்டர். முழுக்க இந்திய எல்லைக்குள்ளேயே நிற்கும் சிகரங்களில் இதுதான் மிக உயரமானது. காஞ்சன்ஜங்கா இதைவிட உயரம்தான், 8,586 மீட்டர், ஆனால் அதன் முகட்டில் நேபாள எல்லை ஓடுகிறது. நந்தா தேவி உத்தராகண்டின் சமோலி மாவட்டத்தில், பித்தோராகட் மாவட்ட எல்லையை ஒட்டி இருக்கிறது. 1982ல் இந்தப் பகுதியைத் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள், அதையொட்டி சிகரத்தைச் சுற்றியுள்ள உள்பகுதியை மலையேறுபவர்களுக்கும் ஆடு மேய்ப்பவர்களுக்கும் சேர்த்தே மூடிவிட்டார்கள். ஆக, அதன் அடிவாரத்தில் போய் நிற்கலாம் என்ற ஆசையைக் கொஞ்சம் ஒத்திவைத்துவிட்டு, உட்கார்ந்த இடத்திலிருந்தே அதன் நில அமைப்பைப் படித்துப் புரிந்துகொள்ளும் வழியைத்தான் இங்கே சொல்லப்போகிறேன். இதற்கு முன் மலை வரைபடம் எதையும் படித்துப் பழக்கமில்லை என்றாலும் பரவாயில்லை, ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் போதும்.

ஒரே ஒரு விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். புதிதாகத் தொடங்குகிறவர்கள் எல்லாரும் நேராகச் சிகரத்தைத்தான் தேடுவார்கள். அங்கிருந்து தொடங்கினால் நான்கு பக்கமும் வெள்ளையாக, எது முகடு எது பள்ளம் என்று தெரியாமல் பத்து நிமிடத்தில் அலுத்துப்போய் மூடிவிடுவீர்கள். தண்ணீர் வெளியே வரும் இடத்தில் தொடங்குங்கள். மலையில் எந்த வரைபடத்தைப் படித்தாலும் இது உதவும், நந்தா தேவி விஷயத்திலோ இதை விட்டால் வேறு வழியே கிடையாது. ஏன் என்பது போகப்போகத் தெரியும்.

தேவையானவை

கணினியில் கூகுள் எர்த் புரோ போட்டுக்கொள்ளுங்கள், இலவசம்தான். கைபேசியிலும் பார்க்கலாம், ஆனால் கோடு வரைந்து அதன் உயர வெட்டுமுகத்தை (அந்தக் கோட்டின் வழியே நிலம் எப்படி ஏறி இறங்குகிறது என்ற படத்தை) பார்க்கும் வசதி கணினியில்தான் ஒழுங்காக இருக்கிறது. கூடவே ஓபன்டோப்போமேப் என்ற தளத்தை இன்னொரு பக்கத்தில் திறந்து வையுங்கள், அதில் சமஉயரக் கோடுகளும் (ஒரே உயரத்தில் உள்ள இடங்களை இணைப்பவை) இடப்பெயர்களும் இருக்கும். பழைய தாள் வரைபடம் பிடிக்கும் என்றால், அமெரிக்க ராணுவம் 1950களில் வெளியிட்ட 1:2,50,000 அளவுத் தாள்கள் டெக்சாஸ் பல்கலைக்கழக நூலகத்தின் தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. அவற்றை நான் அழகுக்காகப் பார்ப்பேன், தகவலுக்காக அவ்வளவாக நம்பமாட்டேன். ஒரு வெள்ளைத்தாள், நீலம், பழுப்பு என இரண்டு பென்சில். சிரிக்காதீர்கள், திரையில் பார்ப்பது மறந்துபோகும், கையால் வரைந்தது மறக்காது.

கூகுள் எர்த்தின் தேடல் பெட்டியில் வடக்கு 30 பாகை 22 கலை 33 விகலை, கிழக்கு 79 பாகை 58 கலை 15 விகலை என்று போட்டால் சிகரத்துக்கே கொண்டுபோய் விடும். போய் ஒரு முறை பார்த்துவிட்டு, உடனே வெளியே வந்துவிடுங்கள்.

கண்ணை ஏமாற்றும் நிழல்

தொடங்கும் முன் ஒரு சின்னப் பயிற்சி. இமயமலைச் செயற்கைக்கோள் படத்தை வடக்கு மேலே இருக்கும்படி வைத்துப் பார்த்தால், நிறையப் பேருக்கு முகடெல்லாம் பள்ளமாகவும் பள்ளமெல்லாம் முகடாகவும் தெரியும். உங்கள் கண்ணில் கோளாறு இல்லை. இந்தப் படங்களை எடுக்கும் செயற்கைக்கோள்கள் பெரும்பாலும் காலை பத்து, பத்தரை மணிவாக்கில் கடந்து போகின்றன, அப்போது சூரியன் தென்கிழக்கில் இருக்கும், நிழல் வடமேற்கில் விழும். நம் மூளையோ வெளிச்சம் மேலிருந்துதான் வரும் என்று நினைத்துப் பழகியது, அதனால் மேடு பள்ளத்தைத் திருப்பிப் போட்டுவிடுகிறது. தீர்வு எளிது: படத்தைச் சுழற்றி, தெற்கு மேலே வரும்படி வையுங்கள். பட்டென்று எல்லாம் சரியாகிவிடும். கொஞ்ச நேரம் அப்படியே பார்த்துப் பழகிவிட்டுத் திரும்ப வடக்கை மேலே கொண்டுவாருங்கள், பிறகு மூளை அடம்பிடிக்காது.

அப்புறம், அமைப்புகளில் உயரத்தை மிகைப்படுத்திக் காட்டும் எண் ஒன்று இருக்கும், அது 1ல் இருக்கிறதா என்று பாருங்கள். 2, 3 என்று யாராவது வைத்திருந்தால் ஊர்க் குன்றுகூடச் செங்குத்தாகத் தெரியும். இந்த மலைக்கு மிகைப்படுத்தல் தேவையே இல்லை.

ரைணியில் தொடங்குங்கள்

இப்போது ஜோஷிமட் ஊரைத் தேடுங்கள். பத்ரிநாத் போகிற வழி. அதற்குப் பக்கத்திலேயே விஷ்ணுப்பிரயாகையில் அலக்நந்தாவோடு தௌலி கங்கா சேருகிறது. அந்தத் தௌலி கங்காவின் ஓரமாக மேலே போய்க்கொண்டே இருங்கள். தபோவனம் தாண்டி ரைணி என்ற சிறிய கிராமம் வரும். 1974ல் கௌரா தேவியும் ஊர்ப் பெண்களும் மரங்களை வெட்ட விடாமல் தடுத்து நின்ற அதே ரைணிதான், சிப்கோ இயக்கம் என்றால் இந்த ஊர்ப் பெயர் கட்டாயம் வரும். இங்கே கிழக்கிலிருந்து ஒரு ஆறு இறங்கி வந்து தௌலியில் சேருகிறது. ரிஷி கங்கா. இதுதான் நாம் தேடிய இடம். தாளில் நீலப் பென்சிலால் ஒரு புள்ளி வையுங்கள்.

இந்தப் புள்ளியின் உயரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,000 மீட்டர். சிகரம் இங்கிருந்து நேர்கோட்டில் சுமார் 30 கிலோமீட்டர். அந்த 30 கிலோமீட்டருக்குள் ஏறத்தாழ 5,800 மீட்டர் ஏற்றம்.

ரிஷி கங்காவைப் பிடித்துக்கொண்டு மேலே போங்கள். கொஞ்ச தூரத்திலேயே ஆறு ஒரு ஆழமான இடுக்குக்குள் நுழைந்துவிடும். இரண்டு பக்கமும் பாறைச் சுவர், நடுவில் ஒரு கீற்று. திரையில் ஆறே தெரியாமல் நிழலுக்குள் மறைந்துபோகும் இடங்கள் உண்டு, அங்கே படத்தைச் சாய்த்துப் பார்க்க வேண்டும். இந்த இடுக்குதான் மேலை நாட்டு மலையேறிகளை அரை நூற்றாண்டு வெளியே நிறுத்தி வைத்தது. 1883ல் கிரஹாம் முயன்று திரும்பினார். 1905ல் லாங்ஸ்டாஃப் கிழக்குப் பக்கமாக வந்து, 5,910 மீட்டர் உயரத்தில் உள்ள ஒரு கணவாயிலிருந்து உள்ளே எட்டிப் பார்த்தார், இறங்கவில்லை. 1934ல்தான் ஷிப்டனும் டில்மனும் அங் தார்க்கே, பசாங், குசாங் என்ற மூன்று ஷெர்பாக்களோடு இந்த இடுக்கின் வழியாகவே உள்ளே போய்ச் சேர்ந்தார்கள். இரண்டு வருடம் கழித்து, 1936 ஆகஸ்ட் 29 அன்று, டில்மனும் ஓடெல்லும் உச்சியில் நின்றார்கள். மலையேறுவதைவிட மலையின் அடிவாரத்துக்குப் போய்ச் சேர்வது பெரிய வேலையாக இருந்த சிகரம் இது. படத்தில் இடுக்கைப் பார்த்தபின் இதை யாரும் விளக்க வேண்டியிருக்காது.

மதிலை வரையுங்கள்

இடுக்கைத் தாண்டியதும் நிலம் விரியும். இப்போது பழுப்புப் பென்சில். ரிஷி கங்காவுக்கு வந்து சேரும் ஒவ்வொரு ஓடையையும் அதன் தலைமாட்டு வரைக்கும் பின்தொடருங்கள். அதற்கு மேல் ஏறினால் ஒரு முகடு வரும், முகட்டைத் தாண்டினால் தண்ணீர் வேறு பக்கம் ஓடும். அந்த முகட்டுப் புள்ளிகளை எல்லாம் சேர்த்துக்கொண்டே வாருங்கள். இதைச் செய்ய அவசரப்படாதீர்கள், இந்தக் கட்டுரையில் உள்ள முக்கால்வாசி விஷயம் இந்த ஒரு கோட்டில்தான் இருக்கிறது.

வடமேற்கில் துனாகிரி (7,066 மீட்டர்). அங்கிருந்து கிழக்கே சாங்காபாங் (6,864), கலங்கா (6,931), ரிஷி பஹார் (6,992). வடகிழக்கு மூலையில் ஹர்தியோல் (7,151). அங்கே கோடு தெற்கே திரும்பி, நந்தா தேவி கிழக்குச் சிகரம் (7,434) வழியாக வந்து, லாங்ஸ்டாஃப் எட்டிப் பார்த்த கணவாயில் இறங்கும். மறுபடி ஏறி பன்வாலி துவார் (6,663), மைக்தோலி (6,803), மிருக்தூனி (6,855), தென்மேற்கில் திரிசூல் (7,120), கடைசியாக பேதார்தோலி (6,352). பிறகு மேற்கே இடுக்கின் தென்கரைக்கு இறங்கி வந்து சேர்ந்துவிடும். சுற்றளவு 110 கிலோமீட்டருக்கு மேல். இந்த வளையத்தில் 6,400 மீட்டரைத் தாண்டிய சிகரங்கள் ஒரு டஜன். மேற்கு வாசலை விட்டால், மதிலில் எங்கேயும் ஏறக்குறைய 5,200 மீட்டருக்குக் கீழே இறங்கும் இடமே இல்லை. ஒரு வளையம், ஒரே ஒரு வாசல், அந்த வாசல் வழியாக ஒரே ஒரு ஆறு. தண்ணீரில் தொடங்கச் சொன்னது இதற்காகத்தான்.

இன்னும் கூர்ந்து பார்த்தால் வளையத்துக்குள்ளேயே ஒரு தடுப்பு தெரியும். வடக்கே சாங்காபாங் பக்கத்திலிருந்தும் தெற்கே தேவிஸ்தான் என்ற சிகரத்தின் பக்கத்திலிருந்தும் இரண்டு கிளை முகடுகள் நீண்டு வந்து ஆற்றை நெருக்குகின்றன. அதற்கு மேற்கே உள்ளது வெளிப்பகுதி, கிழக்கே உள்ளது உள்பகுதி. மூடப்பட்ட இடம் என்று பேசும்போது முக்கியமாக இந்த உள்பகுதியைத்தான் சொல்கிறார்கள்.

இரண்டு சிகரங்களும் எங்கே நிற்கின்றன என்று கவனியுங்கள்

படங்களில் இரட்டைச் சிகரம் என்று போட்டு விட்டுவிடுவார்கள். நீங்கள் வரைந்த பழுப்புக் கோட்டைப் பாருங்கள். கிழக்குச் சிகரம் கோட்டின் மேலேயே இருக்கிறது, பிரதான சிகரம் கோட்டுக்கு உள்ளே இருக்கிறது. சுமார் இரண்டு கிலோமீட்டர் நீளக் கத்திமுனை முகடு ஒன்று இரண்டையும் இணைக்கிறது. அதாவது பிரதான சிகரம் மதிலின் பகுதியே கிடையாது, மதிலிலிருந்து உள்ளே நீட்டிக்கொண்டு நிற்கிறது. அதன் மீது எந்தப் பக்கம் பனி விழுந்தாலும் கடைசியில் ரிஷி கங்காவுக்குத்தான் வர வேண்டும். கிழக்குச் சிகரத்தின் கதை வேறு. அதன் கிழக்குச் சரிவில் விழும் பனி உருகி கோரி கங்கா, காளி, காக்ரா என்று உத்தரப்பிரதேசம் முழுக்கச் சுற்றிவிட்டு, பீகாரில் சப்ரா பக்கத்தில்தான் கங்கையைச் சேரும். மேற்குச் சரிவுத் தண்ணீர் ரிஷி, தௌலி, அலக்நந்தா வழியாக தேவப்பிரயாகையிலேயே பாகீரதியோடு சேர்ந்து கங்கையாகிவிடும். மதிலின் தெற்குப் பக்கத்தில் மூன்றாவது கணக்கு: பிண்டார் ஆறு, அது கர்ணப்பிரயாகையில் அலக்நந்தாவோடு சேருகிறது. இந்த மூன்று ஆறுகளையும் நீலப் பென்சிலால் போட்டுவிட்டால் உங்கள் தாள் கிட்டத்தட்ட முடிந்தது.

மலையேற்ற வரலாறும் இந்த அமைப்புப்படிதான் போயிருக்கிறது. கிழக்குச் சிகரத்துக்கு வெளியிலிருந்தே, கோரி கங்கா பக்கமாக ஏறிவிடலாம் என்பதால், 1939ல் போலந்துக் குழு இடுக்குக்குள் நுழையாமலேயே லாங்ஸ்டாஃப் எட்டிப் பார்த்த அந்தக் கணவாய்க்கு ஏறி, அங்கிருந்து தெற்கு முகடு வழியாக உச்சியைத் தொட்டது. இரண்டையும் இணைக்கும் முகட்டைக் கடக்க 1951ல் முயன்ற இரண்டு பிரெஞ்சுக்காரர்கள் திரும்பவே இல்லை. அவர்களைத் தேடிப் போனபோதுதான் டென்சிங் நோர்கே கிழக்குச் சிகரத்தின் உச்சி வரை போனார், எவரெஸ்டுக்கு இரண்டு வருடம் முன்பு. இந்தியப் பெண்கள் பிரதான சிகரத்தில் ஏறியது 1981ல்: ரேகா சர்மா, ஹர்ஷ்வந்தி பிஷ்ட், சந்திரபிரபா ஐத்வால்.

பனியாறுகளை அடையாளம் காண்பது

இங்கேதான் புதியவர்கள் அதிகம் குழம்புகிறார்கள். பனியாறு, அதாவது பள்ளத்தாக்கில் மெல்ல நகரும் பெரிய பனிக்கட்டித் திரள், வெள்ளையாக இருக்கும் என்று தேடுவார்கள். மேல்பகுதி வெள்ளைதான். கீழே இறங்க இறங்க, இரண்டு பக்கச் சுவரிலிருந்தும் விழுந்த கல்லும் மண்ணும் மூடி, சாம்பல் நிறத்தில் வறண்ட ஆற்றுப்படுகை மாதிரிக் கிடக்கும். அதற்கடியில் நூற்றுக்கணக்கான அடி பனிக்கட்டி இருக்கலாம். எப்படிக் கண்டுபிடிப்பது? சாம்பல் பரப்பில் சின்னச் சின்னக் குளங்கள், பச்சையோ நீலமோ, அங்கங்கே பள்ளங்கள், பள்ளத்தின் ஒரு ஓரத்தில் கறுப்பாகப் பளபளக்கும் சுவர். இவை இருந்தால் அடியில் பனிக்கட்டி உண்டு. ஆற்றுப்படுகையில் இதெல்லாம் இருக்காது, கூழாங்கல்லுக்கு நடுவே தண்ணீர் பின்னிப்பின்னி ஓடும்.

நீளவாக்கில் கறுப்புக் கோடுகள் ஓடுகின்றனவா என்று பாருங்கள். இரண்டு பனியாறுகள் சேரும் இடத்தில் அவற்றின் ஓரத்துக் கற்குவியல்கள் ஒன்றாகி நடுவில் ஒரு கோடாக மாறும். கோடுகளை மேல்நோக்கிப் பின்தொடர்ந்தால் எத்தனை கிளைகள் வந்து சேர்ந்தன என்று தெரிந்துவிடும். பனியாற்றின் இரு கரையிலும் உயரத்தில், பனிக்கட்டியைத் தொடாமல், தனியாக ஒரு கல்வரப்பு ஓடுவதைப் பார்ப்பீர்கள். ஒரு காலத்தில் பனி அந்த மட்டம் வரை இருந்தது என்று பொருள். வரப்பின் உச்சியிலிருந்து இன்றைய பரப்பு வரை ஒரு கோடு போட்டு உயர வெட்டுமுகத்தைத் திறந்தால் பனி எவ்வளவு தாழ்ந்திருக்கிறது என்று நீங்களே அளந்துவிடலாம். எனக்கு இந்த முழு வேலையிலும் பிடித்த பகுதி இதுதான்.

உள்பகுதியில் பெயர்கள் சுலபம். உத்தரி என்றால் வடக்கு, தக்ஷிணி என்றால் தெற்கு. உத்தரி ரிஷி, உத்தரி நந்தா தேவி, தக்ஷிணி ரிஷி, தக்ஷிணி நந்தா தேவி, சாங்காபாங் என்று பனியாறுகளைச் சிகரத்தைச் சுற்றி வரிசையாகக் குறித்துக்கொள்ளலாம். சிகரத்தின் தென்மேற்குச் சுவரை ஒரு தடவை வெட்டுமுகத்தில் பாருங்கள், நான்கு கிலோமீட்டர் கிடைத்தூரத்தில் 3,300 மீட்டர் எழும்புகிறது.

உச்சியில் சுட்டியை வைத்தால் 7,816 காட்டாமல் குறைவாகக் காட்டும், பதறாதீர்கள். இந்த உயரத் தரவு சிறுசிறு சதுரங்களாகச் சராசரி எடுத்தது, கூர்மையான உச்சிகள் அதில் மழுங்கிவிடும்.

எந்த மாதத்துப் படம் என்பதும் முக்கியம். அக்டோபர், நவம்பர் படங்களே நல்லவை: மழைக்காலம் முடிந்து வானம் தெளிந்திருக்கும், குளிர்காலப் புதுப்பனி இன்னும் கீழே இறங்கியிருக்காது. ஏப்ரல் படத்தில் எல்லாமே வெள்ளை, பனியாற்றுக்கும் சாதாரணச் சரிவுக்கும் வித்தியாசம் தெரியாது. ஜூலை, ஆகஸ்டில் மேகம்தான். தேதி வாரியாகப் படம் வேண்டும் என்றால் கோபர்னிகஸ் பிரவுசர் தளத்தில் சென்டினல்-2 என்ற ஐரோப்பியச் செயற்கைக்கோள்களின் படங்கள் இலவசம், 10 மீட்டர் துல்லியம். அதில் குறுஅலை அகச்சிவப்பு கலந்த நிறச்சேர்க்கை ஒன்று இருக்கும், அதைப் போட்டால் பனி நீலமாகவும் மேகம் பெரும்பாலும் வெள்ளையாகவும் பிரிந்து தெரியும். எது பனி எது மேகம் என்று கண்ணைக் கசக்கிக்கொண்டிருக்க வேண்டாம்.

ஒரு வீட்டுப்பாடம்: 2021 பிப்ரவரி 7

அந்தக் காலையில் ரிஷி கங்காவில் பெருவெள்ளம் வந்து ரைணியில் இருந்த மின்நிலையத்தை அடித்துச் சென்றது, கீழே தபோவனத்துச் சுரங்கத்துக்குள் ஆட்கள் சிக்கினார்கள், இறந்தவர்களும் காணாமல் போனவர்களுமாக 200 பேருக்கு மேல். முதலில் எல்லாரும் பனியேரி உடைந்தது என்றார்கள், பனியாறு வெடித்தது என்றார்கள். பனியாறு வெடிக்காது. விஞ்ஞானிகள் செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டபோது வேறு விஷயம் தெரிந்தது. ரிஷி கங்காவின் கீழ்ப்பகுதியில் தெற்கிலிருந்து வந்து சேரும் ரோந்தி ஓடையின் தலைமாட்டில், 6,063 மீட்டர் உயர ரோந்தி சிகரத்தின் வடக்குச் சுவரில், சுமார் 2.7 கோடி கனமீட்டர் பாறையும் பனிக்கட்டியும் ஒரே துண்டாகக் கழன்று விழுந்திருந்தது. பெரும்பகுதி பாறை. விழுந்த வேகத்தில் பனி நொறுங்கி உருகி, வழியில் இருந்ததையெல்லாம் சேர்த்துக்கொண்டு சேற்று வெள்ளமாக வந்தது. ஏரி எதுவும் தேவைப்படவில்லை.

கோபர்னிகஸில் 2021 ஜனவரி கடைசியிலும் பிப்ரவரி 10 வாக்கிலும் எடுத்த மேகமில்லாத படங்களைத் தேடி, அந்தச் சுவரை நீங்களே கண்டுபிடியுங்கள். கறுப்பாக ஆப்பு வடிவில் ஒரு வடு, அதிலிருந்து ரைணி வரை பழுப்பு நிறத்தில் ஒரு தடம். தடத்தைப் பின்தொடர்ந்து நீங்கள் நீலப் புள்ளி வைத்த இடத்துக்கே வந்து சேர்வீர்கள். அடுத்த முறை செய்தியில் இமயமலையில் பனியாறு வெடித்தது என்று வந்தால், தலைப்பை நம்பாமல் படத்தைத் தேடுவீர்கள்.

1965ல் சீன ஏவுகணைச் சோதனைகளைக் கண்காணிக்க அமெரிக்க, இந்திய உளவுத்துறையினர் சேர்ந்து புளூட்டோனியத்தில் இயங்கும் கருவி ஒன்றை இந்த மலைக்குக் கொண்டுபோய், புயலில் சிக்கி மேலேயே வைத்துவிட்டு இறங்கினார்கள். மறுவருடம் தேடியபோது இல்லை. இன்னும் கிடைக்கவில்லை. அதன் கசிவு தண்ணீரில் கலந்தால் எந்த ஆற்றில் வரும் என்று உங்கள் தாளைப் பார்த்து இப்போது நீங்களே சொல்லலாம்.

நேரில் பார்க்கத்தான் வேண்டும் என்றால்

தூரத்திலிருந்து பார்க்க இரண்டு இடங்கள் போதும். தெற்கே கௌசானி, இங்கிருந்து சிகரம் சுமார் 70 கிலோமீட்டர். இடது பக்கம் திரிசூல் பிரமாண்டமாக நிற்கும், அதற்கு வலதுபுறம் சற்றுத் தள்ளி, பின்வாங்கினாற்போல நந்தா தேவியின் இரண்டு சிகரங்கள், இடதுபுறம் பிரதானம், வலதுபுறம் கிழக்கு. திரிசூல்தான் உயரம் என்று பக்கத்தில் நிற்பவர் அடித்துச் சொல்வார், ஏனென்றால் அது 55 கிலோமீட்டரிலேயே இருக்கிறது, கண்ணுக்கு உண்மையிலேயே உயரமாகத் தெரியும். இரண்டாவது இடம் ஜோஷிமட்டுக்கு மேலே உள்ள ஔலி. இங்கிருந்து மதிலின் தாழ்ந்த மேற்குப் பக்கம் வழியாகப் பார்க்கிறீர்கள், அதனால் பிரதான சிகரம் நன்றாகத் தெரியும். கிழக்குச் சிகரம் கிட்டத்தட்ட நேர் பின்னால் மறைந்துவிடும்.

கிழக்குச் சிகரத்தை நெருக்கமாகப் பார்க்க வேண்டும் என்றால் முன்சியாரியிலிருந்து கோரி கங்கா பள்ளத்தாக்கில் மார்தோலி வரை நடக்க வேண்டும், அது திபெத் எல்லைப் பகுதி என்பதால் தனி அனுமதிச்சீட்டு வேண்டும். மேற்குப் பக்கம் லாதா கிராமத்துக்கு மேலே, பூங்காவின் வெளிப்பகுதியில் ஒரு நடைபாதைக்கு வனத்துறை அனுமதி கொடுப்பதுண்டு. கட்டணமும் விதிகளும் அடிக்கடி மாறும், ரயில் டிக்கெட் போடும் முன் ஜோஷிமட் வனத்துறை அலுவலகத்தில் கேட்டுவிடுங்கள். எங்கே போனாலும் அக்டோபர் பாதிக்கு மேல் போங்கள், சூரியன் வரும் முன்பே எழுந்து வெளியே வாருங்கள், ஒன்பது, பத்து மணிக்கெல்லாம் மேகம் ஏறிவிடும். தாளையும் எடுத்துப் போங்கள்.